அப்பாவின் காதுச் சோணையில் ஒரு கோடு

என் அப்பாவின் பார்வை எவர் மீது விழுந்தாலும் முதலில் காதில்தான் போய் நிற்கும். தாராவியில் எங்கள் நகைக்கடை, ஓர் ஆள் நீட்டிப் படுத்தால் தலையும் காலும் சுவரில் தட்டும் அளவுக்குச் சிறியது. அதில் பாதியைக் கண்ணாடிப் பெட்டி எடுத்துக்கொள்ளும். மீதியில் காது குத்திக்கொள்பவர் உட்கார ஒரு முக்காலி. வெள்ளிக் கொலுசும் மூக்குத்தியும் சின்னத் தோடுகளும் விற்கிறோம் என்றாலும், பெரும்பாலானவர்கள் அப்பாவைத் தேடி வருவது காது குத்தத்தான். எங்கள் ஊர்ப்பக்கத்துக் குடும்பங்கள் மட்டுமல்ல, தெருமுனையில் இருக்கும் மராட்டியர்களும், வடக்கிலிருந்து வந்த தையல்காரர்களும் குழந்தையைத் தோளில் போட்டுக்கொண்டு வருவார்கள்.

அப்பாவுக்கென்று ஒரு முறை உண்டு. நீல மைப் பேனாவால் இரண்டு சோணைகளிலும் ஒவ்வொரு புள்ளி வைப்பார். வைத்த பிறகு, அவை ஒரே உயரத்தில் இருக்கின்றனவா என்று அவர் தீர்மானிக்க மாட்டார். எழுந்து ஒதுங்கி நின்று, கூட வந்தவர்களில் ஒருவரைக் குழந்தையின் எதிரே நிற்கச் சொல்வார். தமிழரென்றால் "நேரா இருக்கா?", மற்றவரென்றால் "பராபர் ஹை க்யா?" அந்த ஒருவர் ஆமென்று சொன்ன பிறகுதான் கம்பியைக் கையில் எடுப்பார். கூட யாரும் வராவிட்டால், பக்கத்துத் தோல்பைக் கடை பாயைக் கூப்பிடுவார். பள்ளி முடிந்து கடைக்கு வந்து உட்காரத் தொடங்கிய நாளிலிருந்து நானும் அந்த இன்னொரு ஜோடிக் கண்ணாக இருந்திருக்கிறேன். "புள்ளி வச்சவன் பாத்தா அது எப்பவும் நேராத்தான் தெரியும்" என்பார். இதில் அவர் விட்டுக்கொடுத்து நான் பார்த்ததில்லை.

சோணையில் மடிப்பு விழுந்தவர்களும் வருவார்கள். அநேகமாக ஐம்பதைத் தாண்டியவர்கள். தோட்டின் கனத்தில் துளை இழுபட்டு, வேறிடத்தில் குத்த வேண்டியவர்கள். காதின் துவாரத்துக்குக் கீழிருந்து சோணையின் வெளி விளிம்புவரை சாய்வாக ஒரு கோடு ஓடியிருக்கும், நாள்பட மடித்து வைத்த துணியைப் பிரித்தால் தெரிகிற தடம்போல. அப்பாவைப் பொறுத்தவரை அது தொழிலில் வரும் ஒரு சிறு தொந்தரவு. மடிப்பின் மேல் குத்தினால் தோடு சாய்ந்து நிற்கும்; எனவே சற்று உள்ளே தள்ளிப் புள்ளி வைப்பார். அதற்கு மேல் அதைப் பற்றி அவர் யோசித்ததில்லை.

அவருடைய காதுகளிலும் அந்தக் கோடு இருந்தது. எங்கள் வீட்டில் அதற்கு ஒரு விளக்கம் தயாராக இருந்தது: கடுக்கன். திருநெல்வேலிப் பக்கத்தில் எங்கள் குலதெய்வக் கோயிலில் வைத்து அப்பாவுக்குக் காது குத்தியிருக்கிறார்கள். சிவப்புக்கல் கடுக்கனோடு பம்பாய்க்கு வந்து, பள்ளிக்கூடத்தில் மற்ற பையன்கள் இழுத்து இழுத்துக் கேலி செய்ததால், பத்து வயதில் அழுது அடம்பிடித்துக் கழற்றியிருக்கிறார். துளை தூர்ந்துவிட்டது. "கடுக்கன் இழுத்த தழும்பு" என்று அம்மா சொல்வாள். அப்பாவும் அப்படியே சொல்வார். காதைப் பற்றி எதுவுமே தெரியாத வீடாக இருந்திருந்தால், இது எப்போது வந்தது என்று யாராவது கேட்டிருப்பார்கள். காதைப் பற்றி எல்லாம் தெரிந்த வீடு என்பதால், அந்தக் கேள்விக்கு எங்களிடம் இடமே இல்லாமல் போயிற்று.

நான் மாட்டுங்காவில் ஒரு கல்லூரியில் முதுகலை இலக்கியம் படிக்கிறேன். சனிக்கிழமைகளில் செம்பூரில் சில பிள்ளைகளுக்குத் தமிழ் வாசிக்கச் சொல்லிக்கொடுக்கப் போவேன். வீட்டில் தமிழ் பேசி, வெளியே இந்தி பேசி, எழுத்து மட்டும் பிடிபடாமல் போன பிள்ளைகள். அப்படி ஒரு சனிக்கிழமை, வடாலாவில் வண்டி மாறுவதற்காக நின்றிருந்தபோது, கைபேசியில் ஒரு மருத்துவக் கட்டுரை கண்ணில் பட்டது. காதுச் சோணையில் சாய்வாக விழும் மடிப்பு இதய நோயின் ஓர் அடையாளமாக இருக்கக்கூடும் என்றது தலைப்பு. நான் தலைப்புகளை நம்புகிறவள் அல்ல. கடைசி வரி வரை படித்தேன். இதயத்தின் ரத்தக் குழாய்கள் குறுகியவர்கள் சிலரிடம் இந்தக் கோட்டை மருத்துவர்கள் கவனித்திருக்கிறார்கள். ஏன் அப்படி என்பதற்குத் திட்டமான விடை இல்லை. வயது ஏறினாலே கோடு விழலாம். கோடு உள்ள பலருக்கு இதயம் நன்றாகவே இருக்கும். கோடு இல்லாதவருக்கு நோயே வராது என்றும் பொருளில்லை. ஒவ்வொரு வாக்கியத்திலும் ஒரு "கூடும்" இருந்தது. கூடவே, விளக்கப்படமாக ஒரு காது இருந்தது. அது அப்படியே அப்பாவின் காது.

அன்று பெண்கள் பெட்டியில் செம்பூர் வரை நான் காதுகளைத் தவிர வேறெதையும் பார்க்கவில்லை. கோடு இருந்த காதுகள், இல்லாத காதுகள், மாட்டலும் ஜிமிக்கியும் மறைத்ததால் தெரியாமல் போன காதுகள். எதிரே அமர்ந்து வெண்டைக்காய் நறுக்கிக்கொண்டு வந்த ஒரு மராட்டிய அம்மாவுக்கு ஆழமான கோடு. அவர் இறங்கும் நிலையம் வந்ததும் கூட்டத்தைத் தோளால் இடித்துக்கொண்டு, சிறிதும் மூச்சு வாங்காமல் இறங்கிப் போனார். அதைப் பார்த்து நான் நிம்மதியடைந்தது நினைவிருக்கிறது. அந்த நிம்மதியில் ஒரு தர்க்கமும் இல்லை என்பது அப்போதே தெரிந்தது.

எதையும் உடனே சொல்லிவிடும் பழக்கம் எனக்கில்லை. முதலில் சரிபார்க்க விரும்பினேன். ஒரே பாடலின் வெவ்வேறு பதிப்புகளை அருகருகே வைத்து, எந்த வரி எப்போது உள்ளே வந்தது என்று பார்ப்பது எங்கள் வகுப்பில் தரப்படும் பயிற்சி. வீட்டிலிருந்த படங்களை அப்படிப் பார்த்தேன். தாலி கட்டக் குனிந்திருக்கும் திருமணப் படத்தில் அப்பாவின் இடது காது முழுதாகத் தெரிந்தது. சோணையின் நடுவே தூர்ந்த துளை ஒரு பொட்டாக இருந்தது, கோடு இல்லை. கடை திறந்த நாளின் படத்தில் வலது காது. அதிலும் கோடு இல்லை. நான் இளங்கலைப் பட்டம் வாங்கிய நாளில், கல்லூரி வாசலில் எடுத்த படத்தில் இரண்டு காதிலும் இருந்தது. பத்து வயதில் கழற்றிய கடுக்கன் ஐம்பது வயதுக்குப் பிறகு தழும்பு போட முடியாது. எங்கள் வீட்டு விளக்கம் அந்த மூன்று படங்களுக்கு முன்னால் நிற்கவில்லை.

அதன் பிறகுதான் பாலம் நினைவுக்கு வந்தது. வெள்ளிக்கிழமை காலையில் அப்பாவும் நானும் மாட்டுங்காவுக்கு நடந்து போவோம். அவர் கோயிலுக்கும் பூக்கடைக்கும், நான் கல்லூரிக்கும். ரயில் பாதையைக் கடக்க நடைபாலம் ஏற வேண்டும். முன்பெல்லாம் படியேறி முடித்ததும் மேலே ஒருமுறை நின்று, கம்பி வலை வழியாகக் கீழே வரும் வேக ரயிலைப் பார்த்து, "கல்யாண் பாஸ்ட் இன்னைக்கும் லேட்டு" என்பார். இப்போது சில மாதங்களாகப் படிகளின் நடுவிலும் ஒருமுறை நின்றார். நின்று, இடது தாடையைத் தடவிக்கொண்டு, சட்டைப்பையிலிருந்து ஒரு கிராம்பை எடுத்துக் கடைவாயில் வைத்துக்கொள்வார். பல்வலி என்று சொல்லியிருந்தார். நாங்களும் பல்வலி என்றே எண்ணியிருந்தோம்.

அம்மாவிடம் முதலில் சொன்னேன். அவள் கீரை ஆய்ந்துகொண்டிருந்தாள்.

"காதப் பாத்து நெஞ்சுக்குச் சொல்லுதாளாம். படிக்க அனுப்புனா ஜோசியம் படிச்சுட்டு வந்திருக்கா" என்றாள். "மூக்கப் பாத்து என்ன சொல்லுவ? எனக்கு எப்ப பல்லு விழும்னு சொல்லு பாப்போம்."

நான் மூன்று படங்களையும் அவள் முன் வைத்தேன். பாலத்தைப் பற்றியும் சொன்னேன். அவள் கைகள் கீரையின் மேல் அப்படியே நின்றன.

"ஷட்டர இப்ப உங்கப்பா தூக்குததில்ல, தெரியுமா?" என்றாள். "பக்கத்துக் கடை பாய்தான் தூக்கி விடுதாரு. முதுகு பிடிச்சிருக்குன்னு சொன்னாவ."

"நீங்க அப்பாட்ட பேசுதியளாம்மா?"

"நான் சொன்னா, உனக்கு வேற சோலி இல்லையான்னு கேப்பாவ. நான் தினமும் ஆயிரம் பேசுதேன். நீ பேசுனா கேப்பாவ. நீதான் வாயே தொறக்க மாட்டியே."

மறுநாள் மதியம், வெயிலில் தெரு காலியாக இருந்த நேரத்தில் கடைக்குப் போனேன். அப்பா ஒரு கொலுசின் திருகைச் சரிசெய்துகொண்டிருந்தார். சொல்ல வேண்டியதை மனத்தில் வாக்கியம் வாக்கியமாக அடுக்கிக்கொண்டு போயிருந்தேன். அவரைக் கண்டதும் அவை கலைந்தன. எனவே படங்களை மட்டும் கண்ணாடிப் பெட்டியின் மேல் வரிசையாக வைத்தேன்.

"என்னட்டி இது?"

"காதப் பாருங்கப்பா."

வேறு எதைச் சொல்லியிருந்தாலும் பிறகு பார்க்கலாம் என்றிருப்பார். காது என்றதும் லென்ஸை எடுத்துக் கண்ணில் பொருத்திக்கொண்டு குனிந்தார். முதல் படத்தை வெகுநேரம் பார்த்தார். "துளை தெரியுது. பாதி தூந்த துளை" என்றார். இரண்டாவதில், "இது வலது காது. சுத்தமா இருக்கு." மூன்றாவதற்கு வந்தார். லென்ஸைக் கழற்றி வேட்டி நுனியில் துடைத்து, மறுபடி பொருத்திப் பார்த்தார்.

"இது எப்ப விழுந்தது?" என்று கேட்டார். வாடிக்கையாளர் கொண்டுவந்த நகையில் கீறலைக் கண்டால் கேட்கும் அதே குரல்.

"கடுக்கன் இல்லப்பா. கடுக்கன்னா கல்யாணப் படத்துலயே இருந்திருக்கணும்."

மீதியையும் சொன்னேன். கட்டுரையில் இருந்த "கூடும்"களை ஒன்றுகூட விடாமல் சொன்னேன். பயமுறுத்தி அழைத்துப் போவது எளிது. ஆனால் அது அவருக்குச் செய்யும் நியாயம் ஆகாது என்று தோன்றியது.

"சவத்த விடுட்டி" என்றார். "கோடு விழுந்தவன்லாம் ஆஸ்பத்திரிக்குப் போனா, இந்தத் தெருவுல ஒரு கடை தொறக்காது."

"கோட்டுக்காக மட்டும் சொல்லல. பாலத்துல ரெண்டு தடவ நிக்கிய."

"ரயில் பாக்க நிக்கேன்."

"நடுப்படியில நின்னா ரயில் தெரியாதுப்பா. அங்க தகரம் அடைச்சிருக்கு."

அவர் பதில் சொல்லுமுன், பக்கத்துக் கடையிலிருந்து பாய் தலையை நீட்டினார். தென்காசிப் பக்கத்துக்காரர், தோல்பை செய்து விற்கிறவர். எங்கள் இரண்டு கடைக்கும் நடுவே இருப்பது ஒரு பலகைச் சுவர் என்பதால், அங்கே இரகசியம் என்று எதுவும் கிடையாது.

"அண்ணாச்சி, எனக்கும் இருக்கான்னு பாருங்க" என்று காதைக் காட்டினார்.

அப்பா அவர் சோணையை இரண்டு விரலால் பிடித்து வெளிச்சத்தின் பக்கம் திருப்பினார். "உமக்கு என்னோடத விட ஆழமால்லா இருக்கு, வே."

"அப்ப நான் முந்திக்கிடுவேன்னு சொல்லுங்க."

"நீரு முந்திக்கிட்டா, காலையில ஷட்டர யாருவே தூக்குவா?"

இருவரும் சிரித்தார்கள். பிறகு அப்பாவின் சிரிப்பு நின்றது. தான் என்ன சொல்லிவிட்டோம் என்பது அவருக்கே அப்போதுதான் கேட்டிருக்க வேண்டும். பாய் தெருவைப் பார்த்தார். நான் பெட்டியின் மேல் கிடந்த நீல மைப் பேனாவைப் பார்த்தேன்.

"அப்பா, புள்ளி வச்சவன் பாத்தா நேராத்தான் தெரியும்னு சொல்லுவியள்ளா. பல்லுவலின்னு நீங்க வச்ச புள்ளிதான் இது. இன்னொரு ஆள் பாக்கட்டும்."

அவர் படங்களை அடுக்கி என்னிடம் கொடுத்தார். கொலுசைக் கையில் எடுத்தார், மறுபடி வைத்தார். "பாயும் வந்தா வாரேன்" என்றார்.

"நான் எதுக்கு அண்ணாச்சி?"

"உமக்குத்தான ஆழம் ஜாஸ்தி."

கடைக்கு விடுமுறையான திங்கட்கிழமை, மூவரும் செம்பூருக்குப் போனோம். சனிக்கிழமைதோறும் நான் கடந்து போகும் தெருவில் ஓர் இதய மருத்துவரின் பெயர்ப்பலகை உண்டு. அப்பாவும் பாயும் வெள்ளைச் சட்டை போட்டுக்கொண்டு, கல்யாணத்துக்கு வந்தவர்கள்போலக் காத்திருப்பு அறையில் உட்கார்ந்திருந்தார்கள். எனக்கு இரண்டு பயங்கள். நோய் இருந்துவிடுமோ என்ற பயம் ஒரு பாதி. காதைப் பார்த்துத் தகப்பனை இழுத்து வந்த பெண் என்று மருத்துவர் சிரித்துவிடுவாரோ, அப்பா அதைச் சாக்காக வைத்து எழுந்து போய்விடுவாரோ என்ற பயம் மறுபாதி.

மருத்துவர் அம்மையாருக்கு ஐம்பது வயதிருக்கும். மாட்டுங்காவில் தலைமுறைகளாக வாழும் குடும்பங்களின் தமிழ். நான் சொன்னதைக் கேட்டுவிட்டு, எழுந்து வந்து அப்பாவின் காதுகளை ஒவ்வொன்றாகப் பார்த்தார். சிரிக்கவில்லை.

"இதை மட்டும் வச்சுண்டு நான் எதையும் சொல்ல மாட்டேன்" என்றார். "ஆனா இதைப் பார்த்தா, கூட நாலு கேள்வி கேட்பேன். படியேறினா மூச்சு வாங்கறதா, சார்?"

"மூச்செல்லாம் ஒண்ணுமில்ல, டாக்டரம்மா. பல்லுதான் கொஞ்சம் வலிக்கும்."

"எந்தப் பல்லு?"

அப்பா இடது தாடையைக் காட்டினார்.

"சாப்பிடும்போது வலிக்கறதா?"

"இல்ல."

"பச்சைத் தண்ணி குடிச்சா கூசறதா?"

"அதுவும் இல்ல. நடந்தா வலிக்கும். நின்னா நின்னுரும்."

"நடந்தா வலிச்சு, நின்னா நின்னுபோற பல்லு யாருக்கும் கிடையாது, சார்" என்றார் அவர், மிக மென்மையாக. "அது நெஞ்சுலேர்ந்து வர வலி. தாடையில வந்து சொல்றது."

அப்பா தன் சட்டைப்பையைத் தொட்டுப் பார்த்துக்கொண்டார். அதில் கிராம்பு இருந்தது.

அன்றே இருவருக்கும் சோதனைகள் செய்தார்கள். ஓடும் பட்டையின் மேல் நடக்க வைத்து இதயத்தின் வரைகோட்டைப் பார்க்கும் சோதனையில், பாய் கடைசி வரை நடந்துவிட்டு, இன்னும் வேகம் வைக்கலாமே என்று கேட்டார். அவர் இதயம் நன்றாக இருந்தது; காதில் அவ்வளவு ஆழமாகக் கோடு இருந்தும். அப்பாவை மூன்றாவது நிமிடத்திலேயே நிறுத்தி உட்காரவைத்தார்கள். இரண்டு நாள் கழித்து, மணிக்கட்டு வழியாக மெல்லிய குழாயைச் செலுத்திப் பார்த்தபோது, இதயத்துக்கு ரத்தம் கொண்டுபோகும் ஒரு குழாய் பெரும்பகுதி அடைத்திருந்தது தெரிந்தது. அதே மேசையில், அதே வழியாக, உள்ளே ஸ்டென்ட் வைத்து அதைத் திறந்தார்கள். மருத்துவர் வெளியே வந்து, இதயத் தசைக்கு இன்னும் ஒரு சேதமும் இல்லை என்றார். அந்த "இன்னும்" என்ற சொல்லை அம்மா அன்று முழுவதும் தனக்குள் சொல்லிக்கொண்டே இருந்தாள். ஆஸ்பத்திரித் தாழ்வாரக் குழாயில் முகம் கழுவிக்கொண்டு வந்து, "இனிமே என் மூக்கையும் பாத்துச் சொல்லுட்டி" என்றாள்.

கோட்டுக்கு நான் அளவுக்கு மீறிய பெருமை கொடுக்க விரும்பவில்லை. ஒரே நாளில் பார்த்த இரண்டு காதுகளில் ஒன்று சொன்னது சரி, மற்றது சொன்னது தவறு. நாணயத்தைச் சுண்டிவிட்டாலும் அவ்வளவுதான் கிடைக்கும். கோடு செய்தது ஒன்றே: நாங்கள் விளக்கம் சொல்லி மூடிவைத்திருந்த ஒரு கேள்வியை மறுபடி திறந்தது. மற்றதையெல்லாம் சொன்னது பாலமும் ஷட்டரும் கிராம்பும்தான். அவை பல மாதங்களாகச் சொல்லிக்கொண்டிருந்தன.

இப்போது அப்பா கடையில் ஒரு புதுப் பழக்கத்தைத் தொடங்கியிருக்கிறார். மடிப்பு விழுந்த காதோடு யாராவது வந்தால், வழக்கம்போல் அதைத் தவிர்த்து உள்ளே தள்ளிப் புள்ளி வைக்கிறார்; பிறகு, கம்பியைத் துடைத்துக்கொண்டே, எங்கோ பார்த்தபடி, "படியேறுனா எப்பிடி இருக்கு?" என்று கேட்கிறார். சென்ற மாதம் பெரிய தோடு போட்ட ஓர் அம்மாவுக்கு அது பிடிக்கவில்லை. "காது குத்த வந்தா கால் நல்லாருக்கான்னு கேக்காரு. கட்டிக் குடுக்கவா போறாரு?" என்று தன் மருமகளிடம் சொன்னார். பலகைச் சுவருக்கு அப்பாலிருந்து பாய், "சொல்லிட்டுப் போங்கக்கா. நான் பாஸு, அவருதான் பெயிலு" என்றார். அந்த அம்மா சிரித்துவிட்டு, இரண்டாவது மாடியில் குடியிருப்பதாகவும், இறங்கினால் ஏற மனம் வருவதில்லை என்றும் சொல்லத் தொடங்கினார். அப்பா பேனாவைக் கீழே வைத்துவிட்டுக் கேட்டுக்கொண்டிருந்தார். போகும்போது அந்த மருமகளிடம் செம்பூர் மருத்துவரின் முகவரியை நான் எழுதிக் கொடுத்தேன்.

சிகிச்சைக்குப் பின் மெதுவாக நடக்கத் தொடங்கி, ஏழாவது வாரம், மருத்துவர் அனுமதித்த பிறகு, ஒரு வெள்ளிக்கிழமை நாங்கள் மறுபடி பாலம் ஏறினோம். நான் ஒரு படி பின்னால் வந்தேன். அவர் இடது காது என் கண்ணுக்கு நேரே இருந்தது. கோடு அப்படியேதான் இருக்கிறது. அது போகாது என்று முன்பே சொல்லியிருந்தார்கள். தகரம் அடைத்த நடுப்படி வந்தது. அவர் நிற்கவில்லை. கை தாடைக்குப் போகவில்லை. அந்த இடத்தைக் கடந்துவிட்டோம் என்பதை அவர் கவனித்தாரா என்றுகூடத் தெரியவில்லை.

மேலே போனதும் நின்றார்.

ஓடிப் பக்கத்தில் போய், "என்னப்பா செய்யுது?" என்றேன்.

அவர் கம்பி வலையில் விரல்களைக் கோர்த்து, கீழே வளைந்து வரும் தண்டவாளங்களைப் பார்த்துக்கொண்டிருந்தார். மூச்சு சீராக இருந்தது.

"ரயிலப் பாக்கேன்ட்டி" என்றார். "பாக்கக் கூடாதா?"

நானும் பக்கத்தில் நின்றேன். சற்று நேரத்தில் கல்யாண் பக்கமிருந்து வேக வண்டி வந்து, பாலம் லேசாக அதிர, எங்கள் காலடியில் கடந்து போனது. அவர் கைக்கடிகாரத்தைப் பார்த்து, நான்கு நிமிடம் தாமதம் என்றார்.

"நீயும் பாத்துச் சொல்லு" என்று மணிக்கட்டை என் பக்கம் நீட்டினார்.

பார்த்தேன். நான்குதான்.